இருந்தாலும்...

“கறுப்பாக இருந்தாலும் களையாக இருக்கிறாள்!”

எங்கள் வீட்டுக்கு வரும் உறவினர்கள் என்னைப் பாராட்டுவதாக எண்ணிச் சொல்லும் சொல் இது. அதில் வரும் ‘இருந்தாலும்’ என் பிஞ்சு நெஞ்சில் முள்ளாய்த் தைத்ததை அவர்கள் அறியார்.

ஐந்தாம் வகுப்பில் பள்ளி ஆண்டு விழா. நாடக வசனம் முழுவதும் எனக்கு மனப்பாடம். ஆனால் இளவரசி வேடம் சிவப்பான தோழி ஒருத்திக்குப் போயிற்று. திரைக்குப் பின்னால் நின்று, அவள் மறந்த வரிகளை எடுத்துக் கொடுத்தேன். அன்றிரவு கடலை மாவைக் குழைத்துக் கன்னம் எரியும்வரை தேய்த்தேன். சிவந்தவை கண்கள் மட்டுமே.

என் அம்மா நாற்று நடுபவர். “வெயிலில் நிற்காதே, இன்னும் கறுத்துவிடுவாய்” என்று என்னை வீட்டுக்குள் விரட்டிவிட்டு, அவர் நாளெல்லாம் வெயிலில் நின்றார். அந்தக் கூலிதான் எங்கள் குடும்பத்தில் முதன்முதலாக என்னைக் கல்லூரி வாசல் மிதிக்க வைத்தது.

சென்ற ஆண்டு விலங்கியல் வகுப்பில் தோலைப் பற்றிப் படித்தோம். நிறமியை உண்டாக்கும் உயிரணுக்கள் எல்லா மனிதருக்கும் ஏறத்தாழ ஒரே எண்ணிக்கையில்தான் உள்ளன. மெலனின் என்னும் அந்த நிறமியின் அளவும் வகையுமே வேறுபடுகின்றன. அது உயிரணுவின் உட்கருவுக்கு மேல் குடைபோல் கவிந்து, புற ஊதாக் கதிர்களைத் தடுக்கிறது. பாடத்தைக் கேட்டதும் அம்மாவின் நினைவு வந்தது. குடையில்லாமல் நின்றவருக்குத் தோலே குடை பிடித்திருக்கிறது! அதையா நான் தேய்த்து அழிக்கப் பார்த்தேன்?

1975-இல் விற்பனைக்கு வந்த ‘ஃபேர் அண்ட் லவ்லி’, 2020-இல் ‘குளோ அண்ட் லவ்லி’ ஆயிற்று. களிம்பின் பெயர்கூட மாறிவிட்டது. நம் வாய்ச்சொல் மாறவில்லையே! ‘கறுப்பே அழகு’ என்ற ஆறுதலும் எங்களுக்கு வேண்டாம். சிவப்பான குழந்தைக்கு யாரும் ஆறுதல் சொல்வதில்லை அல்லவா?

அண்மையில் என் அக்காள் மகள் கேட்டாள்: “சித்தி, நான் கறுப்பா?”

“ஆமாம், கறுப்புதான்” என்றேன். அடுத்த சொல்லுக்காக என் முகத்தையே பார்த்தாள். நான் எதுவும் சேர்க்கவில்லை. சிரித்துக்கொண்டே விளையாட ஓடிவிட்டாள்.

நண்பர்களே! நம்மில் பலர் நாளை ஆசிரியர்கள் ஆவோம். வேடம் கொடுக்கும்போது, வசனம் யாருக்குத் தெரியும் என்று மட்டும் பார்ப்போம். குழந்தைகளிடம் பேசும்போது அந்த ‘இருந்தாலும்’ என்பதை விட்டுவிடுவோம். மற்றதை அவர்களே பார்த்துக்கொள்வார்கள்.

— இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் (விலங்கியல்)