புல்வாருக்குள் ஊரார் இருக்க வேண்டும்

புதுச்சேரிக்கு எத்தனை பேர் சுற்றுலா வந்தார்கள் என்ற கணக்கை அரசு ஆண்டுதோறும் எடுக்கிறது. எண் ஏறினால் அதைச் சாதனை என்று அறிவிக்கிறது. அண்ணா சாலை, சுப்பையா சாலை, சர்தார் வல்லபாய் படேல் சாலை, கடற்கரைச் சாலை ஆகிய நான்கு புல்வார்களுக்கு உட்பட்ட பழைய நகரத்தில் இன்னும் எத்தனை குடும்பங்கள் குடியிருக்கின்றன, எத்தனை வீடுகள் விடுதிகளாகவும் ஹோம்ஸ்டேக்களாகவும் மாறிவிட்டன என்ற கணக்கு மட்டும் எந்த மேடையிலும் பேச்சுக்கு வருவதில்லை. இந்த இரண்டாவது கணக்கை உடனே எடுக்க வேண்டும். புல்வாருக்குள் விருந்தினர் படுக்கைகளுக்குச் சட்டப்படி ஓர் உச்சவரம்பு கட்ட வேண்டும். அங்கே தங்குவோரிடம் சிறு கட்டணம் பெற்று, அந்தப் பணத்தை அந்த வீதிகளுக்கே செலவிட வேண்டும். சுற்றுலா நீடித்து நடக்க வேண்டும் என்று விரும்புகிறவர்கள்தான் இதை முதலில் கேட்க வேண்டும். கேட்காமல் விட்ட ஊர்களுக்கு என்ன நேர்ந்தது என்பதை ஐரோப்பா இன்று பட்டவர்த்தனமாகக் காட்டிக்கொண்டிருக்கிறது.

உலகத்தில் வெளிநாட்டுப் பயணிகள் மிக அதிகமாகச் செல்லும் கண்டம் ஐரோப்பா. ஐந்து கோடிக்கும் குறைவான மக்கள் வாழும் ஸ்பெயினுக்கு 2024-ல் வந்தவர்கள் ஒன்பது கோடியே முப்பது லட்சத்துக்கும் மேல். தொழில் என்ற அளவில் இதைவிடப் பெரிய வெற்றி இருக்க முடியாது. ஆனால் அதே ஆண்டு ஏப்ரலில் கானரித் தீவுகளிலும் ஜூலையில் பார்சிலோனாவிலும் உள்ளூர் மக்கள் ஆயிரக்கணக்கில் தெருவில் இறங்கினார்கள். அவர்களுடைய முதல் கோபம் வீட்டு வாடகை. ஒரு குடும்பத்துக்கு மாத வாடகைக்கு விடுவதைவிட, அதே வீட்டை வார இறுதியில் சில இரவுகளுக்கு இணையத் தளங்கள் வழியாகப் பயணிகளுக்கு விடுவது உரிமையாளருக்கு அதிக வருமானம் தருகிறது. ஒரு வீதியில் நாலு பேர் இப்படிச் செய்தால் ஐந்தாமவர் வாடகையை ஏற்றுகிறார். குடியிருந்தவர் வெளியேறுகிறார். அவர் போன பிறகு மளிகைக்கடை மூடப்பட்டு அந்த இடத்தில் நினைவுப் பொருள் கடை வருகிறது. பார்சிலோனாவில் பத்தே ஆண்டுகளில் வாடகை 68 விழுக்காடு ஏறியதைச் சுட்டிக்காட்டிய மேயர் ஜவ்மே கொல்போனி, நகரத்தில் உரிமம் பெற்றிருக்கும் 10,101 சுற்றுலாக் குடியிருப்புகளில் ஒன்றுக்குக்கூட 2028 நவம்பருக்குப் பிறகு உரிமம் இல்லை என்று 2024 ஜூனில் அறிவித்தார். ஆம்ஸ்டர்டாமில் சொந்த வீட்டைப் பயணிகளுக்கு ஆண்டுக்கு முப்பது இரவுக்கு மேல் விட முடியாது; ஒரு ஓட்டல் மூடினால்தான் இன்னொன்று திறக்கலாம். பாரிஸ் 120 நாளாக இருந்த வரம்பை 2025-ல் 90 நாளாகக் குறைத்தது.

இவர்களெல்லாம் ஓரளவு விழித்துக்கொண்டவர்கள். விழிக்கத் தவறிய ஊர் வெனிஸ். அதன் பழைய நகரத்தில் 1951-ல் ஏறத்தாழ 1,75,000 பேர் வாழ்ந்தார்கள். 2022-ல் அந்த எண் ஐம்பதாயிரத்துக்குக் கீழே இறங்கியது. அங்குள்ள ஒரு மருந்துக்கடையின் சன்னலில் நகரத்து மக்கள்தொகையைக் காட்டும் எண் பலகை 2008 முதல் இருக்கிறது. நோயாளியின் நாடியைப் பார்ப்பதுபோல ஊரார் அதைப் பார்த்துப் போகிறார்கள். 2023-ல், விருந்தினர் படுக்கைகளின் எண்ணிக்கை குடியிருப்போர் எண்ணிக்கையைத் தாண்டிவிட்டது என்று குடிமக்கள் அமைப்புகளே எண்ணிச் சொல்லின. அதற்குப் பிறகுதான், 2024 ஏப்ரலில், ஒரு நாள் பயணமாக வருவோருக்கு ஐந்து யூரோ நுழைவுக் கட்டணம் வந்தது. பல லட்சம் யூரோ வசூலானது, கூட்டம் குறையவில்லை. போன குடும்பங்களும் திரும்பவில்லை. வெனிஸின் பாடம் கட்டணத்தைவிடக் காலத்தைப் பற்றியது. வீடுகள் கைமாறுவதற்கு முன்பு வரம்பு கட்டினால் பலன் உண்டு. கைமாறிய பிறகு வசூலிக்கும் பணம் துப்புரவுச் செலவுக்குத்தான் ஆகும்.

சுற்றுலாத் தொழிலே இதனால் அடிபடுகிறது என்பதையும் நம் ஊர் விடுதி உரிமையாளர்கள் கவனிக்க வேண்டும். கொரோனாவுக்குப் பிறகு ஐரோப்பிய ஓட்டல்கள் ஆள் கிடைக்காமல் திணறின. ஸ்பெயினின் இபிசா தீவில் ஓட்டல் ஊழியர்கள் வாடகைக்கு வீடு கிடைக்காமல் வேன்களிலும் கூடாரங்களிலும் தங்குகிறார்கள். படுக்கை விரிப்பவருக்கும் சமையல்காரருக்கும் ஊருக்குள் இடமில்லாத இடத்தில் விருந்தோம்பல் எத்தனை நாள் நடக்கும்?

இனி நம் ஊரைப் பார்ப்போம். 1761-ல் ஆங்கிலேயர் தரைமட்டமாக்கிய நகரத்தை 1765-க்குப் பிறகு மக்கள் திரும்பக் கட்டினார்கள். நகரை இரண்டாகப் பிரிக்கும் வாய்க்காலுக்குக் கிழக்கே உயர்ந்த மதில்களும் மஞ்சள் சுவர்களும் கொண்ட பிரெஞ்சு வீடுகள். மேற்கே திண்ணையும் தெருப்பக்கத் தாழ்வாரமும் நடுமுற்றமும் கொண்ட தமிழ் வீடுகள். கீழ்த்தளம் தமிழ்ப் பாணியிலும் மாடி பிரெஞ்சுப் பாணியிலும் அமைந்த கலப்பு வீடுகள். 1990-களில் இன்டாக் அமைப்பு எடுத்த பட்டியலில் இப்படிப்பட்ட மரபுக் கட்டடங்கள் ஏறத்தாழ 1,800 இருந்தன. அவற்றில் பல நூறு இன்று இல்லை. போனவற்றில் பெரும்பங்கு தமிழ்ப் பகுதியைச் சேர்ந்தது. வெள்ளைக்காரப் பகுதியின் சுவர்கள் படத்தில் அழகாக விழுவதால் அங்கே இடிப்பு குறைவு. ஆனால் அங்குதான் வீடு என்பது முகப்பு மட்டுமாகிவிடும் ஆபத்து அதிகம். துய்மா வீதியிலும் ரொமேன் ரோலன் வீதியிலும் நடப்பவர்கள் எத்தனை வாசலில் உணவக மெனுவும் அறை வாடகைப் பலகையும் இருக்கின்றன, எத்தனை வாசலில் கோலம் இருக்கிறது என்று பார்த்தாலே போதும். அரவிந்தர் ஆசிரமத்தின் கட்டடங்களும் பிரெஞ்சுக் குடியுரிமை பெற்ற பழைய குடும்பங்களும் அரசு அலுவலகங்களும் இருப்பதால்தான் அந்தப் பகுதி இன்றும் முழுக்க விடுதிப் பேட்டையாகாமல் நிற்கிறது.

வேறு வழி இருக்கிறது என்பதற்கு நம்மிடமே சான்று உண்டு. ஐரோப்பிய ஒன்றியத்தின் ஆசியா உர்ப்ஸ் திட்டத்தின் கீழ், இத்தாலியின் உர்பினோ, பிரான்சின் வில்நெவ் சுர் லோ ஆகிய நகரங்களோடு சேர்ந்து, வைசியாள் வீதி இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில் சீர்செய்யப்பட்டது. வீட்டுக்காரர்களும் செலவில் பங்கேற்றார்கள். அடைபட்ட திண்ணைகள் திறந்தன, தாழ்வாரத் தூண்கள் திரும்ப எழுந்தன. 2008-ல் யுனெஸ்கோவின் ஆசிய பசிபிக் மரபுப் பாதுகாப்பு விருது அந்த வீதிக்குக் கிடைத்தது. அங்கே புதுப்பிக்கப்பட்டவை குடும்பங்கள் வாழ்ந்துகொண்டிருந்த வீடுகள் என்பதுதான் அதன் பெருமை. அதற்கடுத்து ஈஸ்வரன் கோவில் வீதி, ஆனந்தரங்கப்பிள்ளை வீதி என்று அந்த வேலை வரிசையாகத் தொடர்ந்திருக்க வேண்டும். நிலையான நிதி இல்லாமல் நின்றது. விருந்தினர் செலவிடும் பணத்தில் மதுவின் கலால் வரியும் ஜிஎஸ்டியும் பொதுக் கருவூலத்துக்குப் போகின்றன. அந்த விருந்தினரால் வரும் குப்பையும் உப்பேறும் நிலத்தடி நீரும் வாகன நெரிசலும் வீதிக்காரர்களுக்கும், குப்பை சென்று சேரும் குரும்பாபேட்டைக்காரர்களுக்கும் எஞ்சுகின்றன. சனிக்கிழமை தோறும் கிழக்குக் கடற்கரைச் சாலை வழியே சென்னையிலிருந்தும் திண்டிவனம் வழியே பெங்களூரிலிருந்தும் வரும் கார்கள் தங்கள் வாசலை அடைத்து நிற்க, அவசரத்துக்கு ஓர் ஆட்டோகூட உள்ளே வர முடியாத முதியவர்கள் இந்த வீதிகளில் வாழ்கிறார்கள். அவர்களுக்கு இந்தத் தொழிலிலிருந்து ஒரு ரூபாய் நன்மையும் நேரடியாக வருவதில்லை.

வரம்பு என்றவுடன் எழும் முதல் எதிர்ப்பு பிழைப்பைப் பற்றியது. அது நியாயமான எதிர்ப்பு. புதுச்சேரி ஒரு காலத்தில் ஆலைத் தொழிலாளர் ஊர். எட்டு மணி நேர வேலைக்காக 1936 ஜூலை 30-ல் பன்னிரண்டு தொழிலாளர்கள் சுட்டுக் கொல்லப்பட்ட ஊர். சுதேசி, பாரதி, ஏஎஃப்டி ஆலைகள் மூடிய பிறகு வில்லியனூரிலிருந்தும் பாகூரிலிருந்தும் வரும் இளைஞர்களுக்கு ஓட்டல் வேலை ஒரு பெரிய வாசல். அந்த வாசலை அடைக்கச் சொல்லும் கோரிக்கையாக இருந்தால் இதை நாமே எதிர்ப்போம். ஆனால் உச்சவரம்பு இருப்பதை மூடுவதில்லை. மேலும் பெருகுவதை ஓர் இடத்தில் நிறுத்துகிறது. புதிய விடுதிகள் புல்வாருக்கு வெளியே, அகலமான சாலையும் கழிவுநீர் வசதியும் உள்ள இடங்களில் வரலாம். வேலை அங்கேயும் வேலைதான். மேலும், ஆளில்லாத வீட்டை இணையத்தில் வாடகைக்கு விடும் முறையில் சாவி ஒரு பெட்டியில் கிடக்கிறது. துப்புரவுக்கு ஒருவர் சில மணி நேரம் வந்து போகிறார். உரிமம் பெற்ற ஓட்டல் வைத்திருக்கும் அளவுக்கு ஊழியர்கள் அங்கே இல்லை. பிழைப்பைக் காக்க வேண்டும் என்பவர் முறையான ஓட்டலின் பக்கமும் வரம்பின் பக்கமும்தான் நிற்க வேண்டும்.

இரண்டாவது எதிர்ப்பு இன்னும் வலுவானது. பழைய வீட்டைக் காப்பது பெருஞ்செலவு. சுண்ணாம்புக் காரை பூசத் தெரிந்த கொத்தனார் கிடைப்பதில்லை. மெட்ராஸ் டெரஸ் கூரை ஒழுகினால் லட்சக்கணக்கில் போகும். பங்காளிகள் ஐந்து பேர், ஒருவர் பிரான்சில், ஒருவர் சென்னையில். விடுதிக்கு விட்டதால்தானே வீடு நிற்கிறது, இல்லாவிட்டால் இடிந்திருக்கும் என்கிறார்கள். பல வீடுகளுக்கு இது உண்மை. பொதுக் கட்டடமான மேரி என்ற பழைய நகர மண்டபமே கவனிப்பின்றி 2014 நவம்பரில் இடிந்து விழுந்தது என்றால் தனியார் என்ன செய்வார்? அதனால்தான் இங்கே முழுத் தடை கேட்கவில்லை. உரிமையாளர் குடும்பம் அதே வீட்டில் வாழ்ந்துகொண்டு இரண்டு மூன்று அறைகளை விருந்தினருக்கு விடுவது ஊருக்கு நல்லது. மத்திய சுற்றுலா அமைச்சகத்தின் ஹோம்ஸ்டே திட்டம் உரிமையாளர் அங்கேயே வசிக்க வேண்டும் என்றுதான் சொல்கிறது. அந்த நிபந்தனையை எழுத்தில் உள்ளபடி நடைமுறைப்படுத்தினாலே பாதிச் சிக்கல் தீரும். ஆள் வசிக்காத முழு வீட்டை விடுபவர் ஹோம்ஸ்டே என்ற பெயரை விட்டுவிட்டு விடுதி உரிமம் பெறட்டும். வணிக வரியும் தீயணைப்புச் சான்றும் அவருக்குப் பொருந்தட்டும். வீட்டில் வாழ்ந்துகொண்டே பழுது பார்க்க விரும்பும் குடும்பத்துக்கு, வைசியாள் வீதியில் செய்ததுபோல் செலவில் ஒரு பங்கைப் பொது நிதி ஏற்க வேண்டும்.

அந்த நிதி எங்கிருந்து வரும் என்பதற்குத்தான் கட்டணம். ஊரில் தங்குவோர் ஊர் மன்றத்துக்குச் சிறு தொகை கொடுக்கும் வழக்கம் பிரான்சில் 1910 முதல் சட்டமாக இருக்கிறது. நம் நாட்டில் ஆடம்பர வரி ஜிஎஸ்டிக்குள் கரைந்துவிட்டதால் தங்கும் வரி விதிக்க இயலாது என்று சிலர் சொல்வார்கள். வரி என்ற வடிவில் அது கடினம்தான். ஆனால் சிக்கிம் 2025-ல் சுற்றுலாப் பதிவு விதிகளின் கீழ் ஒரு பயணிக்கு 50 ரூபாய் என்று நிர்ணயித்து, விடுதிகள் வழியாகவே வசூலிக்கிறது. சட்டமன்றம் உள்ள ஒன்றியப் பிரதேசம் அதே வழியில் ஒரு சேவைக் கட்டணத்தை வகுக்க முடியாதா? ஓர் இரவுக்குப் பல ஆயிரம் ரூபாய் அறை வாடகை தருபவர் ஐம்பது ரூபாய்க்காக மாமல்லபுரத்தோடு திரும்பிவிட மாட்டார். தங்கும் தொகையில் 12.5 விழுக்காட்டை வரியாக வாங்கும் ஆம்ஸ்டர்டாமுக்கே பயணிகள் குறையவில்லை. கட்டணத்தால் கூட்டம் குறையும் என்று நாம் சொல்லவில்லை, வெனிஸில் குறையவில்லை. கூட்டத்தின் செலவை, அதைச் சுமக்கிற வீதிக்குத் திருப்பித் தருவதே அதன் வேலை. தனிக் கணக்கில் வைக்காமல் பொதுக் கருவூலத்தில் கலந்துவிட்டால் இந்தக் கட்டணமே தேவையில்லை என்போம்.

நாம் வெனிஸ் இல்லையே, அந்த நிலை வரும்போது பார்த்துக்கொள்ளலாம் என்பது கடைசி எதிர்ப்பு. அந்த நிலை வந்துவிட்டது என்று அறிவிக்கும் நாள் எந்த ஊருக்கும் வருவதில்லை. நீலகிரியிலும் கொடைக்கானலிலும் வண்டிகள் மலையேற முடியாமல் நின்ற பிறகு, 2024 மே மாதம் சென்னை உயர் நீதிமன்றத்தின் உத்தரவால் இ-பாஸ் வந்தது. அடுத்த ஆண்டு நாளொன்றுக்கு இத்தனை வண்டி என்ற வரம்பும் நீதிமன்றத்தின் வழியாகவே வந்தது. ஓர் ஊர் தன் வரம்பைத் தானே முடிவு செய்யாவிட்டால், வழக்கு முற்றி நீதிபதிகள் முடிவு செய்ய வேண்டியிருக்கும்.

தானே முடிவு செய்வதென்றால் யார் செய்வது? பார்சிலோனாவில் அறிவித்தவர் தேர்ந்தெடுக்கப்பட்ட மேயர். 1880-லேயே நகர மன்ற ஆட்சி கண்ட புதுச்சேரியில் இன்று அப்படி ஒருவர் இல்லை. முப்பத்தெட்டு ஆண்டுகள் கழித்து 2006-ல் உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. அந்த மன்றத்தின் காலம் 2011-ல் முடிந்தது. 2021-ல் அறிவித்த தேர்தலும் இட ஒதுக்கீட்டுச் சிக்கலில் நின்றுபோனது. இடிந்த மேரி கட்டடத்தை உலக வங்கி உதவியோடு திரும்பக் கட்டி 2021 பிப்ரவரியில் திறந்தாகிவிட்டது. அதில் அமர வேண்டிய மக்கள் பிரதிநிதிகள் மட்டும் வரவில்லை. படுக்கைகளின் உச்சவரம்பு எத்தனை, எந்த வீதிக்கு எவ்வளவு, கட்டணப் பணத்தில் முதலில் எந்தக் கூரை என்பதையெல்லாம் தலைமைச் செயலகத்து அதிகாரிகள் தீர்மானிக்கக் கூடாது. அந்த வீதிகளில் வாக்குள்ளவர்கள் தேர்ந்தெடுத்த மன்றம் தீர்மானிக்க வேண்டும். தேர்தலை நடத்துங்கள். அதற்குக் காத்திராமல் செய்யக்கூடிய வேலை ஒன்று உண்டு: புல்வாருக்குள் உள்ள ஒவ்வொரு வீட்டிலும் யார் வசிக்கிறார்கள், எத்தனை அறைகள் விருந்தினருக்கு விடப்படுகின்றன, எந்த உரிமத்தின் கீழ் விடப்படுகின்றன என்பதை வீதி வாரியாக எண்ணி, புத்தாண்டுக் கூட்டம் வருவதற்குள் நகராட்சி அந்தப் பதிவேட்டை வெளியிட வேண்டும்.