சரபத்துக்கு எத்தனை கால்?

சமீபத்தில் அறிவிக்கப்பட்ட ஒரு பரிசைப் பற்றி எழுத வேண்டாம் என்றுதான் இருந்தோம். அது யாருக்குப் போனாலும் நமக்கு ஆட்சேபம் இல்லை. ஆனால் தேர்வுக் குழுவின் குறிப்பையும், அதை வழிமொழிந்து இன்னோர் இதழில் வந்த கட்டுரையையும் படித்தபின் சும்மா இருக்க முடியவில்லை. தமிழ் மிகுபுனைவில் வரும் உருக்கள் நிலையாக இல்லையாம். முதல் அத்தியாயத்தில் முனியாக வந்தது ஐந்தாவதில் பறவையாகிறது, பத்தாவதில் வெறும் சத்தமாகிறது. எந்த மந்திரத்துக்குக் கட்டுப்படும் என்பது எழுதியவருக்கே தெரியவில்லை. ஆகவே அது கற்பனை அல்ல, சோம்பல். பரிசு பெற்ற நாவலின் பின்னிணைப்பில் உருக்களுக்கு அட்டவணை போட்டிருக்கிறது. இனம், பிரிவு, சக்தி, பலவீனம் என்று கட்டம் கட்டி, ரேஷன் கார்டு போல.

இதை மைசூரில் உட்கார்ந்து படிக்கும்போது சிரிப்புத்தான் வருகிறது. 1916இல் தொடங்கிய எங்கள் ஊர்ப் பல்கலைக்கழகத்தின் இலச்சினையைப் பாருங்கள். நடுவில் கண்டபேருண்டம், இரட்டைத் தலைப் பறவை. இருபுறமும் சிங்க உடலும் யானைத் தலையுமாக இரண்டு காவல். இவை சரபங்கள் என்கிறது பல்கலைக்கழகம். இதே உருவைக் கோயில் தூணில் கண்டால் நாம் யாளி என்போம். கும்பகோணத்துக்குப் பக்கத்தில் திரிபுவனத்துக்குப் போனால், மூன்றாம் குலோத்துங்கன் கட்டிய கோயிலில் சரபருக்குத் தனிச் சந்நிதி. அங்கே தும்பிக்கையைத் தேடாதீர்கள். சிங்கமும் பறவையும் மனிதனுமாகக் கலந்த சிவன் அங்கே நரசிம்மத்தை அடக்குகிறார். மகாபாரதத்துச் சரபத்துக்கு எட்டுக் கால். அதற்கும் முந்தைய வடமொழி நூல்களில் அது ஏதோ ஒரு மான் வகை. மானாகப் புறப்பட்டு, எட்டுக் காலில் நடந்து, சிறகு முளைத்துச் சிவனாகி, தும்பிக்கையோடு பட்டச் சான்றிதழில் வந்து நிற்கிறது. தேர்வுக் குழு இதற்கு எந்தக் கட்டத்தை ஒதுக்கும்?

கதை இதோடு நிற்கவில்லை. சரபத்தை அடக்க நரசிம்மம் கண்டபேருண்டமாக உருவெடுத்தது என்று வைணவர்கள் மறுகதை கட்டினார்கள். ஆக, இலச்சினையின் நடுவில் வீற்றிருப்பதும் அதற்குக் காவல் நிற்பவையும் புராணப்படி ஜென்ம விரோதிகள். கர்நாடக அரசு முத்திரையிலும் இதே கூட்டணிதான். ஒவ்வொரு அரசாணையின் தலையிலும் ஒரு சைவ வைணவச் சண்டை சமரசமாகி உட்கார்ந்திருக்கிறது, ஒருவருக்கும் உறுத்தவில்லை. நாவலில் ஒரு முனி பறவையானால் மட்டும் நடுவர்களுக்கு அஜீரணம்.

வகைப்படுத்துவதே குற்றம் என்று நாம் சொல்லவில்லை. அந்தக் கலையில் மைசூர் யாருக்கும் சளைத்ததல்ல. முப்பொழுதும் சதுரங்கத்திலும் கணக்குப் புதிரிலும் மூழ்கிய மும்மடி கிருஷ்ணராஜ உடையார் (1794–1868) தொகுப்பித்த ஸ்ரீதத்துவநிதி, தெய்வ உருவங்களின் மாபெரும் பட்டியல். எந்த மூர்த்திக்கு எத்தனை கை, எந்தக் கையில் எந்த ஆயுதம், மேனி என்ன நிறம் என்று ஓவியத்தோடு சொல்வது. சக்தி, விஷ்ணு, சிவன், பிரம்மா, கிரகம், வைஷ்ணவம், சைவம், ஆகமம் என எட்டு நிதிகள். ஒன்பதாவதற்குப் பெயர் கௌதுக நிதி. எட்டில் அடங்காத வேடிக்கைகளுக்கென்றே ஒரு பெட்டி! விளையாட்டுகள் அதில்தான். 122 யோகாசனப் படங்களும் அதில்தான். ஒரு கால் கழுத்துக்குப் பின்னால் போயிருக்க, உடம்பைக் கயிறாக முறுக்கிக்கொண்டு, முகத்தில் மட்டும் ஒரு சலனமும் இல்லாத மனிதர்கள். 1930களில் ஜகன்மோகன் அரண்மனையில் கிருஷ்ணமாச்சாரியார் யோகம் கற்பித்தார், பி.கே.எஸ். ஐயங்காரும் பட்டாபி ஜோயிசும் அவரிடம் பயின்றவர்கள். அந்தப் படங்களுக்கும் இந்தப் பள்ளிக்கும் உறவு எவ்வளவு என்பதை ஆய்வாளர்கள் தீர்க்கட்டும். நம் கண்ணில் படுவது இதுதான்: மன்னரின் எட்டுப் பெட்டிகள் அறிஞர்களிடம் இருக்கின்றன, ஒன்பதாவதில் கிடந்த சரக்கைத் தேடி உலகம் எங்கள் ஊர்க் கோகுலம் பகுதிக்கு வந்து அறை வாடகையை ஏற்றிவிட்டது.

இந்த இடத்தில், விலங்குகளை விசித்திரமாக வகைபிரிக்கும் போர்ஹேஸின் சீனக் கலைக்களஞ்சியத்தை இழுப்பது மரபு. இழுக்கப்போவதில்லை. நாட்டார் கதைகளை 31 செயல்களாகப் பிரித்த ருஷ்ய ஆய்வாளர் புராப்பை இழுப்போம், எண்பதுகளில் அமைப்பியலை மாத்திரை போல விழுங்கியவர்கள் நாம். அந்தச் செயல்களை நோட்டில் கோடு போட்டு எழுதி, விக்கிரமாதித்தன் கதை முதல் பாட்டி சொன்ன கதை வரை பொருத்திப் பார்த்த போதை இன்னும் முழுதாக இறங்கவில்லை. வகைப்படுத்தலின் பிதாமகரான அவர் எண்ணியது செயல்களை. செய்வது கரடியா, கிழவியா, காற்றா என்பதை அவர் கதைசொல்லியின் விருப்பத்துக்கே விட்டுவிட்டார். விந்தை இலக்கியம் பற்றி எழுதிய தோதரோவோ, நம்புவதா வேண்டாமா என்ற தயக்கம் நீடிக்கும் வரைதான் விந்தை என்றார். நமது நடுவர்கள் இருவரையும் மேற்கோள் காட்டுகிறார்கள். படித்திருக்கலாம்.

தொண்ணூறுகளில் கர்நாடகம் முழுக்கக் கதவுகளில் ‘நாளே பா’ என்று எழுதி வைத்தார்கள். இரவில் ஏதோ ஒன்று வந்து தட்டும், தெரிந்தவர் குரலில் கூப்பிடும், நாளை வா என்றிருப்பதைப் படித்துவிட்டுத் திரும்பிப் போகும். மணமகள் என்றார்கள், மோகினி என்றார்கள், கிழவி என்றும் சொன்னார்கள். எங்கள் தெருவில் தமிழ் வீடுகளும் கன்னடத்திலேயே சுண்ணாம்பால் எழுதின. அதற்குத் தமிழ் படிக்க வராது என்று யார் முடிவு கட்டினார்களோ. இன்ன வகை என்று தீர்மானித்த பிறகு பயப்படலாம் என ஒருவரும் காத்திருக்கவில்லை.

உண்மையான சங்கடம் உருக்களைப் பற்றியதே அல்ல என்று தோன்றுகிறது. பரிசு விண்ணப்பத்தில் ‘வகைமை’ என்று ஒரு கட்டம் இருக்கிறது. நூலக ஆணைக்கான படிவத்திலும் இருக்கிறது, பதிப்பாளரின் விற்பனைப் பட்டியலிலும் இருக்கிறது. முதலில் படிவம் வந்தது. அதை நிரப்பத் தோதாக நாவல் வருகிறது. பிறகு அதைப் பாராட்டக் கோட்பாடு வருகிறது. கட்டத்தை நிரப்பத் தெரியாதவன் சோம்பேறி. மாய எதார்த்தம் என்று முத்திரை குத்தி ஒரு தலைமுறைக் கதைகளை இப்படித்தான் முடக்கினோம், நாட்டார் மரபு என்று இன்னொரு தலைமுறையை. இப்போது மிகுபுனைவின் முறை.

இந்த இதழின் பொருளடக்கத்தில் சிறுகதை, கட்டுரை, கவிதை என்ற தலைப்புகளை எடுத்துவிட்டோம். 40ஆம் பக்கத்தில் தொடங்குவது என்ன என்று அச்சகத்தில் கேட்டார்கள். எழுதியவரிடம் கேட்டோம், அவர் இன்னும் பதில் போடவில்லை. சந்தா பாக்கி உள்ளவர்கள் இந்த மாதமே அனுப்பிவிடவும்.