ஒற்றியும் தவணையும்

களியக்காவிளையைக் கடந்து பாறசாலை வழியாக நெய்யாற்றின்கரைக்குச் செல்லும் நெடுஞ்சாலையின் இருபுறமும் உள்ள ஊர்களில், புதிய வீட்டின் பால்காய்ச்சுக்கு வரும் உறவினர் தவறாமல் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: "லோன் மாசம் எவ்வளவு அடைக்கணும்?" வீட்டுக்காரர் ஒரு தொகையைச் சொல்வார். சம்பளத்துக்குள் அடங்கும் தொகைதான் என்று கேட்டவர் தலையசைப்பார். பேச்சு அத்துடன் முடிந்துவிடும். "மொத்தம் எவ்வளவு அடைத்து முடிக்கணும்?" என்று கேட்பவரைக் காண்பது அரிது. வங்கிக் கிளைகளில் கடன் கேட்டு வருவோரும் பெரும்பாலும் முதல் கேள்வியோடு நின்றுவிடுகின்றனர்.

இரண்டாவது கேள்வியே முதலில் கேட்கப்பட வேண்டியது என்பது நமது கருத்து. வீட்டுக் கடனின் விலை, கடன் தீரும் நாள்வரை குடும்பத்தின் கையைவிட்டுப் போகும் மொத்தத் தொகையே. கையெழுத்திடுமுன் அத்தொகையைத் தமக்குப் புரியும் மொழியில் கேட்டறிவது கடன் பெறுவோரின் உரிமை. கேளாமலே சொல்வது வங்கியின் கடமை. வங்கியின் இதழில் எழுதுவதால் இக்கடமையை மறைத்துப் பேச நமக்கு இயலாது.

இந்நாட்டின் முன்னோர்க்கு இவ்வகையில் ஒரு தெளிவு இருந்தது. பழைய திருவிதாங்கூரில் நிலத்தை ஒற்றி வைத்துப் பணம் பெறுவது வழக்கம். பணம் கொடுத்தவர் நிலத்தை அனுபவிப்பார், விளைச்சலே வட்டி. ஒற்றியை மீட்கும்வரை வயலில் அறுத்த நெல்லும் விளையில் வெட்டிய தேங்காயும் அவர் வீட்டுக்குப் போகும். வட்டி எவ்வளவு என்பதை ஏட்டில் தேட வேண்டியதில்லை. ஒவ்வொரு அறுவடையிலும் அது கண்ணெதிரே வண்டியேறிப் போயிற்று. அம்முறை நல்லது என்று நாம் கூற வரவில்லை. மீட்க இயலாத ஒற்றி, நிலத்தையே கொண்டுபோனதும் உண்டு. ஆனால் கடனின் விலை கண்ணுக்குத் தெரிந்தது என்பதை மறுக்க இயலாது.

இன்றைய வீட்டுக் கடனில் வீடு நம் அனுபவத்திலேயே இருக்கிறது. ஆதாரமும் முன்னாதாரமும் மட்டும் வங்கியின் பெட்டகத்தில் உறங்குகின்றன. இது பெரிய வசதி. ஆயினும் வட்டி கண்ணில் படுவதில்லை. அது அசலோடு கலந்து, மாதந்தோறும் மாறாத ஒரே தொகையாகக் கணக்கிலிருந்து கழிகிறது. அதைப் பிரித்துப் பார்ப்போம்.

ரூ. 25 இலட்சம் கடன், ஆண்டு வட்டி 8.5 சதவீதம் என்று கணக்குக்காகக் கொள்வோம். 15 ஆண்டுகளில் அடைப்பதானால் மாதத் தவணை ஏறத்தாழ ரூ. 24,618, மொத்த வட்டி ரூ. 19.31 இலட்சம். 20 ஆண்டுகளானால் தவணை ரூ. 21,696, வட்டி ரூ. 27.07 இலட்சம். 30 ஆண்டுகளானால் தவணை ரூ. 19,223, வட்டி ரூ. 44.20 இலட்சம். 20 ஆண்டை 30 ஆண்டாக நீட்டினால் மாதத்துக்கு ரூ. 2,473 குறைகிறது. அந்தச் சிறு நிம்மதிக்காக நாம் கூடுதலாகத் தருவது ரூ. 17 இலட்சத்துக்கும் மேல். பாறசாலைச் சந்தையில் ஒரு ரூபாய்க்குப் பேரம் பேசும் நாம், இந்தப் பதினேழு இலட்சத்தைப் பேசாமலே ஒப்புக்கொள்கிறோம்.

20 ஆண்டுக் கடனின் உள்ளே இன்னும் சற்று நுழைந்து பார்க்கலாம். முதல் மாதம் கட்டும் ரூ. 21,696இல் ரூ. 17,708 வட்டிக்கே போகிறது. அசலில் கழிவது ரூ. 3,988 மட்டும். பத்து ஆண்டுகள் ஒரு தவணையும் தவறாமல் கட்டியவர் அதற்குள் ரூ. 26 இலட்சம் செலுத்தியிருப்பார். வாங்கிய கடனைவிட அதிகம். எனினும் அன்று அவர் கணக்கில் நிற்கும் அசல் பாக்கி சுமார் ரூ. 17.5 இலட்சம். பாதிக் காலம் கடந்தும் பாதிக் கடன் தீரவில்லை. இதில் ஏமாற்று எதுவும் இல்லை; நிலுவை அசலுக்கு வட்டி கணக்கிடும் முறையின் இயல்பு இது. ஆனால் இதை முன்கூட்டி அறியாதவர், பத்தாம் ஆண்டில் கணக்கு விவரத்தைப் பார்க்கும்போது ஏமாற்றப்பட்டவராகவே உணர்வார்.

மாறும் வட்டிக் கடன்களில் மற்றொரு செய்தியும் உண்டு. ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் 2022 மே மாதத் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்து, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதமாக உயர்ந்தது. அதனோடு பிணைக்கப்பட்ட வீட்டுக் கடன்களின் வட்டியும் ஏறியது. இதே ரூ. 25 இலட்சத்தை 6.75 சதவீதத்தில் 20 ஆண்டுகளுக்கு ஒருவர் வாங்கினார் என்று கொள்வோம்; தவணை ரூ. 19,009. ஓராண்டுக்குப் பின் வட்டி 9.25 சதவீதமானால், அப்போதுள்ள பாக்கிக்கு மாத வட்டி மட்டும் ஏறக்குறைய ரூ. 18,800 ஆகிவிடும். தவணையை மாற்றாமல் விட்டால் அசலில் கழிவது மாதம் இருநூறு ரூபாய் அளவே. கடன் தீர ஏறத்தாழ 49 ஆண்டுகள் வேண்டும். கட்டும் தொகை மாறவில்லையே என்று நிம்மதியாக இருப்பவர், தம் பிள்ளைகளின் காலம்வரை கடனை நீட்டிக்கொண்டிருக்கக் கூடும்.

இதனால்தான், வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன்தாரருக்கு அளிக்கவேண்டும் என 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஆணையிட்டது. வங்கியிலிருந்து அவ்வாறு கடிதமோ செய்தியோ வந்தால் அதை ஒதுக்கிவைக்க வேண்டாம். இயன்றவர்கள் தவணையை உயர்த்துவதே நலம். 2025இல் ரெப்போ விகிதம் குறைந்ததுபோல் வட்டி இறங்கும் காலத்தில், பழைய தவணையையே தொடர்ந்து கட்டினால் கடன் விரைவில் தீரும்.

தவணைக் கணக்குக்கு வெளியே நிற்கும் செலவுகளையும் மறக்கலாகாது. எல்லையின் இருபுறமும் உறவு கொண்ட குடும்பங்கள் இங்கே மனை வாங்குவதா, அங்கே வாங்குவதா என்று எண்ணுவது இயல்பு. கிரய ஆதாரத்துக்குக் கேரளத்தில் முத்திரைக் கட்டணம் 8 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். தமிழ்நாட்டில் பொதுவாக 7 சதவீதமும் 2 சதவீதமும். கேரளத்தில் வீடு கட்டி முடித்ததும் ஒருமுறை கட்டட வரி செலுத்த வேண்டும். பரப்பு 278.7 சதுர மீட்டரைக் கடந்தால் ஆண்டுதோறும் தனி வரியும் உண்டு. ரூ. 10 இலட்சத்துக்கு மேற்பட்ட விலையுள்ள வீடுகளுக்குக் கடன் வரம்பைக் கணக்கிடும்போது முத்திரை, பதிவுக் கட்டணங்கள் வீட்டின் விலையோடு சேர்க்கப்படுவதில்லை. ஆகவே அப்பணம் கையிலிருந்தே வரவேண்டும். கையில் இல்லாதவர் நகையை அடகு வைக்கிறார். அந்த வட்டி வீட்டுக் கடன் ஏட்டில் தோன்றாது, வீட்டின் செலவில் தோன்றும். காப்பீட்டுத் தவணையைக் கடனோடு சேர்ப்பதும் இத்தகையதே. ரூ. 50,000 பிரீமியத்தை 8.5 சதவீத வட்டியில் 20 ஆண்டுக் கடனோடு சேர்த்தால், அதற்காக நாம் கட்டி முடிப்பது ரூ. 1.04 இலட்சம். காப்பீடு வேண்டாம் என்பதல்ல. இயன்றால் அதைக் கையிருப்பிலிருந்து கட்டுவது நன்று.

இவை அனைத்தினும் பெரிய கேள்வி, ஈட்டும் காலமும் அடைக்கும் காலமும் பொருந்துகின்றனவா என்பது. இவ்வூர்களின் எத்தனையோ வீடுகள் வளைகுடாச் சம்பாத்தியத்தில் எழுந்தவை. அங்குள்ள வேலை பெரும்பாலும் ஒப்பந்தத்தின் ஆயுளே கொண்டது. 38 வயதில் 20 ஆண்டுக் கடன் வாங்குபவருக்குக் கடைசித் தவணை 58 வயதில் வரும். அவர் 48இல் ஊர் திரும்ப நேர்ந்தால், மேலே கண்ட பதினேழரை இலட்சம் பாக்கியோடுதான் திரும்புவார். ரப்பர் விலையை நம்பியவருக்கும் இதே அச்சம் உண்டு. தவணை சம்பளத்துக்குள் அடங்குகிறதா என்று பார்ப்பது போதாது. கடனின் காலம் உழைப்பின் காலத்துக்குள் அடங்குகிறதா என்றும் பார்க்க வேண்டும்.

இதற்கு மறுப்புரைப்போர் உண்டு. இன்றைய இருபத்தோராயிரம், பதினைந்து ஆண்டுக்குப் பின் சிறு தொகையாகிவிடும், மனையின் விலை ஏறும், வாடகை மிச்சம், வரிச் சலுகையும் கிடைக்கும் என்பர். இவற்றில் உண்மை உண்டு. வீட்டுக் கடன் தீது என்று நாம் சொல்லவுமில்லை. ஆனால் பணத்தின் மதிப்புக் குறைவது, வருமானம் அதற்கேற்ப உயர்பவருக்கே உதவும். குடியிருக்கும் வீட்டின் விலை ஏறினாலும் அதை விற்காதவரைக் கையில் காசாகாது. வரிச் சலுகையோ வட்டியின் ஒரு பகுதியையே திருப்பித் தருகிறது. புதிய வரி முறையைத் தேர்ந்தோருக்குச் சொந்தக் குடியிருப்பின் வட்டிக்கு அக்கழிவும் இல்லை. சலுகைக்காகக் கடனை நீட்டுவது, தள்ளுபடிக்காகத் தேவையற்ற பொருளை வாங்குவதற்கு ஒப்பாகும்.

இச்சுமையைக் குறைக்கும் வழி எளிது: முன்கூட்டியே கட்டுவது. தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதக் கட்டணம் வசூலிப்பதை ரிசர்வ் வங்கி 2012 ஜூனிலேயே நிறுத்திவிட்டது. நாம் கண்ட 20 ஆண்டுக் கடனில், முதலாண்டின் முடிவில் ரூ. 1 இலட்சம் கூடுதலாகக் கட்டித் தவணையை மாற்றாமல் விட்டால், இறுதியில் சுமார் 21 தவணைகள் நீங்கும். அதே இலட்சத்தைப் பத்தாம் ஆண்டின் முடிவில் கட்டினால் நீங்குவது சுமார் 10 தவணைகள். சிட்டி விழுந்தாலும், வெளிநாட்டிலிருந்து போனஸ் வந்தாலும், அவசரத் தேவைக்கென ஒரு பகுதியை ஒதுக்கிவிட்டு எஞ்சியதைக் கடனில் கட்டுவது தகும். அதுவும் தொடக்க ஆண்டுகளில் கட்டுவதே மிகுந்த பயன் தரும். கட்டும்போது, "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுக்கவும்.

இறுதியாக, மொழியைப் பற்றி ஒரு சொல். 1956 நவம்பர் 1 அன்று விளவங்கோடும் கல்குளமும் அகத்தீசுவரமும் தோவாளையும் சென்னை மாநிலத்துடன் இணைந்தன. நெய்யாற்றின்கரை கேரளத்தில் நின்றது. அந்த எல்லைக்கு மேற்கே தமிழ் பேசும் குடும்பங்கள் இன்றும் வாழ்கின்றன. அவர்களுடைய ஆதாரமும் போக்குவரவுச் சான்றும் மலையாளத்தில் இருக்கும். கடன் ஒப்பந்தமோ ஆங்கிலத்தில் இருக்கும். வீட்டில் பேசும் மொழியில் ஒரு தாளும் இல்லாமல் இருபது ஆண்டுப் பொறுப்பை ஏற்பது முறையன்று. 2024 அக்டோபர் 1 முதல் புதிய சில்லறைக் கடன் ஒவ்வொன்றுக்கும் முக்கிய விவர அறிக்கை ஒன்றை வங்கி தரவேண்டும். வட்டி, கட்டணம், காப்பீடு அனைத்தையும் சேர்த்து ஆண்டுக்கு எத்தனை சதவீதம் செலவாகிறது என்பதும், ஒவ்வொரு தவணையிலும் அசலும் வட்டியும் எவ்வளவு என்ற அட்டவணையும் அதில் இருக்கும். அதில் குறிப்பிடாத கட்டணத்தை உங்கள் வெளிப்படையான இசைவின்றி வசூலிக்க இயலாது. அவ்வறிக்கை கடன் பெறுபவருக்குப் புரியும் மொழியில் இருக்க வேண்டும் என்றும், அதை விளக்கிச் சொல்ல வேண்டும் என்றும் விதி கூறுகிறது. எண்ணிப் பார்க்கக் குறைந்தது மூன்று வேலைநாட்கள் அவகாசமும் உண்டு.

ஆகவே பாறசாலையிலோ நெய்யாற்றின்கரையிலோ கிளைக்குச் செல்லும் தமிழ்க் குடும்பம், "இதைத் தமிழில் தாருங்கள்" என்று கேட்கத் தயங்க வேண்டியதில்லை. கேட்பவரைச் சலித்துக்கொள்ளாமல் அமரவைத்து விளக்குவது எங்கள் ஊழியர்களின் பொறுப்பு. அந்தத் தாளை வீட்டுக்குக் கொண்டுபோய், கணவனும் மனைவியும் ஈட்டும் பிள்ளையும் ஒன்றாக உட்கார்ந்து, அதிலுள்ள மொத்தத் தொகையை உரக்க வாசியுங்கள். அதைக் கேட்டபின்னும் வீடு வேண்டும் என்று மனம் சொன்னால், துணிந்து கையெழுத்திடலாம். கடன் தீர்ந்த 30 நாட்களுக்குள் ஆதாரங்களை வங்கி திருப்பித் தரவேண்டும். தன் தவற்றால் தாமதித்தால் நாளொன்றுக்கு ரூ. 5,000 இழப்பீடும் தரவேண்டும். முன்னோர் ஒற்றியை மீட்ட நாளை நினைவில் வைத்திருந்தனர். நம் வீட்டு ஆதாரம் வீடு திரும்பும் நாள் எந்த ஆண்டில் வரும் என்பதை, பால்காய்ச்சும் நாளிலேயே நாமும் அறிந்திருக்க வேண்டும்.