திருத்தம் என்றால் இளக்காரமா?

சிப் வடிவமைக்கும் மென்பொருளுக்குப் புதிய பதிப்பு வந்தால் "புதுசா என்ன வசதி?" என்றுதான் எல்லாரும் கேட்கிறார்கள். கூடவே வரும் பிழைதிருத்தப் பட்டியலை யாரும் சீந்துவதில்லை. முதலில் படிக்க வேண்டியதே அதைத்தான் என்பது என் கட்சி.

ஸ்ரீவில்லிபுத்தூர் நண்பர் ஒருவர் என்னை மடக்கப் பார்த்தார். "அண்ணாச்சி, ஓயாம திருத்தம் விடுறானே, முதல்லயே ஒழுங்காச் செய்யத் தெரியாதா அவனுக்கு?" தெரியாது. யாருக்கும் தெரியாது. மின்சுற்றுகளைச் சோதிக்கும் ஸ்பைஸ் மென்பொருள் 1973-ல் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் பிறந்தது. அதன் வாரிசான என்ஜிஸ்பைஸை இன்னும் திருத்திக்கொண்டுதான் இருக்கிறார்கள். திருத்தமே வராத மென்பொருளைக் கண்டால்தான் எனக்குப் பயம்.

ராஜபாளையத்து மில்லில் காலம் தள்ளியவன் நான். நூலில் தடிப்பைக் கண்டு வெட்டுகிற கருவி கெட்டுப்போனால் மெஷின் நிற்காது, ஜோராக ஓடும். குறை கோனுக்குள் சுற்றிக்கொண்டு போய், வாங்கினவர் தறியில்தான் பல்லை இளிக்கும். சிப்பிலும் இதே கதைதான். வரைபடத்தில் இரண்டு கம்பிகள் அளவுக்கு மீறி நெருங்கிவிட்டனவா என்று பார்க்க மென்பொருளில் ஒரு சோதனை உண்டு. மென்பொருள் பாதியில் படுத்துவிட்டால் பரவாயில்லை, உடனே தெரிந்துவிடும். அந்தச் சோதனையிலேயே பிழை இருந்து, தப்பான வரைபடத்துக்கு "எல்லாம் சரி" என்று சொல்லிவிட்டால்? நூலை வெட்டி முடிச்சுப் போடலாம். சிலிக்கானில் முடிச்சு ஏது? மாஸ்க் செய்வதிலிருந்து மறுபடி தொடங்க வேண்டும்.

இன்டெல்லின் பென்டியம் சிப் சில வகுத்தல்களைத் தப்பாகப் போடுவது 1994-ல் வெளிச்சத்துக்கு வந்தது. 4195835-ஐ 3145727-ஆல் வகுத்தால் 1.3338 வர வேண்டும், வந்தது 1.3337. வகுத்தலுக்கான அட்டவணையைச் சிப்பின் வடிவமைப்பில் ஏற்ற எழுதிய சின்ன நிரல் ஒன்று சில கட்டங்களை விட்டுவிட்டதாம். கண்டுபிடித்தவர் தாமஸ் நைஸ்லி என்கிற கணக்குப் பேராசிரியர். இன்டெல்லுக்கு 47.5 கோடி டாலர் பழுத்தது.

நம் பக்கத்துக் கல்லூரி ஒன்றில் (பெயர் வேண்டாம்) லேபில் இருப்பது பல வருடப் பழைய பதிப்பு. கேட்டால், "கம்பெனிகளிலேயே நடு வேலையில் பதிப்பை மாற்ற மாட்டார்கள் சார்" என்று பதில் வருகிறது. வாஸ்தவம். ஆனால் அவர்கள் பட்டியலைப் படித்து, தங்கள் வேலையை அது தொடுகிறதா என்று பார்த்த பிறகு மாற்றாமல் இருக்கிறார்கள். இங்கே படிக்காமலே இருக்கிறார்கள்.

மென்பொருள் மக்கர் பண்ணினால் பிள்ளைகள் கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டுவிட்டுச் சும்மா இருந்துவிடுகிறார்கள். என்ஜிஸ்பைஸ், மேஜிக் எல்லாம் காசில்லாமல் கிடைக்கிறவை. எந்தப் பதிப்பு, எந்தக் கோப்பு, எதிர்பார்த்தது என்ன, வந்தது என்ன என்று நாலு வரி எழுதி அனுப்ப யார் தடுத்தார்கள்? மில்லில் பிரேக்டவுன் நோட்டு எழுதாமல் எங்களை ஷிப்டு முடிந்து வீட்டுக்கு விட மாட்டார்கள். லேப் ரெக்கார்டின் முதல் பக்கத்தில் பதிப்பு எண்ணும், அதில் தீர்ந்த பிழை எது, தீராதது எது என்பதும் இல்லாவிட்டால் வாத்தியார் கையெழுத்துப் போடக் கூடாது.