எண்ணுவதற்கு ஆளில்லாத ஆட்டங்கள்

2020 செப்டம்பரில் பார்சலோனா கால்பந்து கிளப்பின் முதல் அணியில் இறங்கியபோது ஸ்பெயின் நடுக்கள ஆட்டக்காரர் பெட்ரிக்கு 18 வயது நிறையவில்லை. அடுத்த ஆண்டு ஆகஸ்ட் 7 அன்று, யோகோஹாமாவில் நடந்த ஒலிம்பிக் இறுதி ஆட்டத்தில் பிரேசிலிடம் ஸ்பெயின் கூடுதல் நேரத்தில் தோற்றது. அதற்குள் கிளப்புக்கும் நாட்டுக்குமாக அவர் ஆடி முடித்திருந்தவை 73 ஆட்டங்கள். யூரோ கோப்பை அரையிறுதிக்கும் ஒலிம்பிக்கின் முதல் ஆட்டத்துக்கும் நடுவே கிடைத்தது 16 நாள். ஜப்பான் பயணமும் பயிற்சியும் அதற்குள்ளேயே அடக்கம். ஒலிம்பிக் முடிந்த எட்டாவது நாள் லா லிகாவின் புதிய சீசனில் ரியால் சோசியடாடுக்கு எதிரான முதல் ஆட்டம். பதினொருவர் பட்டியலில் மறுபடி அவர் பெயர். செப்டம்பர் 29 அன்று லிஸ்பனில் பென்ஃபிகாவுக்கு எதிராக ஆடியபோது தொடையில் காயமடைந்தார். அந்த சீசனில் பார்சலோனாவுக்காக அவரால் ஆட முடிந்தது வெறும் 22 ஆட்டங்கள்.

இதைத் துரதிர்ஷ்டம் என்று எழுதித் தள்ளிவிட நாம் தயாரில்லை. 21 வயதுக்கு உட்பட்ட எந்த ஆட்டக்காரரும் ஒரு சீசனில் இத்தனை ஆட்டங்களுக்கு மேல் ஆடக்கூடாது என்ற கட்டாய உச்சவரம்பை ஃபிஃபா கொண்டுவர வேண்டும். கிளப், நாடு, ஒலிம்பிக், நட்பு ஆட்டம் எல்லாம் ஒரே கணக்கில் வரவேண்டும். அறிவுரையாக அல்ல, மீறினால் புள்ளியை இழக்கும் விதியாக.

பெட்ரியின் கதையில் வில்லன் என்று ஒருவரும் இல்லை. சிக்கலே அதுதான். யூரோ கோப்பைக்கு அழைத்த லூயிஸ் என்ரிகே தன் அணிக்கு எது நல்லதோ அதைச் செய்தார். அரையிறுதியில் இத்தாலியை எதிர்த்து 66 பாஸ்களில் 65 சரியாகச் சேர்த்த பையனை எந்தப் பயிற்சியாளர் பெஞ்சில் உட்காரவைப்பார்? ஒலிம்பிக் அணிக்கு அழைத்த லூயிஸ் டி லா ஃபுவென்டேயும் பதக்கத்துக்காகவே அழைத்தார், வெள்ளி கிடைத்தது. ஒலிம்பிக்குக்கு ஆட்டக்காரரை அனுப்பியே ஆகவேண்டும் என்று ஃபிஃபா விதியில் கட்டாயமில்லை. 2008-இல் மெஸ்ஸி விவகாரத்தில் விளையாட்டு நடுவர் மன்றம் அப்படித்தான் தீர்ப்பளித்தது. ஆனால் ஸ்பெயின் நாட்டு விளையாட்டுச் சட்டமோ, தேசிய அணி அழைத்தால் போகவேண்டும் என்றது. பார்சலோனாவின் அன்றைய பயிற்சியாளர் ரொனால்ட் கோமன், ஒரே கோடையில் இரண்டு தொடர் என்பது மிகை என்று வெளிப்படையாகவே ஆட்சேபித்தார். நியாயமான ஆட்சேபம்தான். ஆனால் அந்த 73-இல் 52 ஆட்டங்கள் பார்சலோனாவுக்காக ஆடியவை. ஒலிம்பிக் முடிந்து எட்டாம் நாளில் அவரைக் களமிறக்கியதும் இதே கோமன்தான். ஊர்ப் பொதுக் கிணற்றில் ஆளாளுக்கு இறைத்தார்கள். தண்ணீர் எவ்வளவு இருக்கிறது என்று எட்டிப் பார்க்கும் வேலை யாருடையதாகவும் இருக்கவில்லை.

பையனே மறுத்திருக்கலாமே என்று கேட்பவர்கள் உண்டு. டெனெரிஃப் தீவில் டெகெஸ்டே என்னும் சிறிய ஊர். அங்கே பார்சலோனா ரசிகர் மன்றத்தைத் தொடங்கியவர் பெட்ரியின் தாத்தா. அந்த வீட்டுப் பிள்ளை 18 வயதில் பார்சலோனா சட்டையையும் ஸ்பெயின் சட்டையையும் ஒரே ஆண்டில் போட்டுக்கொள்கிறான். "எனக்குக் களைப்பாக இருக்கிறது, இந்தக் கோடைக்கு என்னை விட்டுவிடுங்கள்" என்று அவன் வாயிலிருந்து வருமா? வராது என்று தெரிந்துதான் அவனைச் சுற்றியிருந்த பெரியவர்கள் அந்த முடிவை அவனிடமே விட்டார்கள்.

நடுக்கள ஆட்டக்காரரின் உழைப்பைத் தொலைக்காட்சி முழுதாகக் காட்டுவதில்லை. கேமரா பந்தின் பின்னாலேயே ஓடுகிறது. பந்து இல்லாத நேரத்தில் இடைவெளியை அடைக்கவும், சக ஆட்டக்காரருக்கு வழி திறந்துவிடவும், எதிரணி பந்தைப் பறித்ததும் திரும்பி விரட்டவும் ஓடுகிற ஓட்டம்தான் அவர் உழைப்பில் பெரும்பகுதி. ஓர் ஆட்டத்தில் பத்துப் பதினோரு கிலோமீட்டர் ஓடுவது இந்த இடத்தில் ஆடுபவர்களுக்குச் சாதாரணம். அதில் எத்தனை முறை சட்டென்று நிற்கிறார், எத்தனை முறை அரை வட்டமடித்துத் திரும்புகிறார் என்பதையும் சேர்த்துப் பார்த்தால், தொடையின் பின்பக்கத் தசை ஏன் முதலில் கைவிடுகிறது என்பது விளங்கும். அந்தக் கோடையில் ஸ்பெயின் ஆடிய நாக்அவுட் ஆட்டங்கள் யூரோவில் மூன்று, ஒலிம்பிக்கில் மூன்று. ஆறுமே கூடுதல் நேரத்துக்குப் போனவை! முடிவில் பெட்ரிக்குக் கிடைத்தவை யூரோவின் சிறந்த இளம் வீரர் விருதும், கோபா விருதும், கோல்டன் பாய் விருதும். 2021 அக்டோபரில் பார்சலோனா அவருடைய ஒப்பந்தத்தைப் புதுப்பித்து, வேறு கிளப் அவரைத் தூக்க வேண்டுமானால் 100 கோடி யூரோ தரவேண்டும் என்று விதி போட்டது. கையெழுத்திட்ட நாளில் அவர் காயத்தோடு இருந்தார்.

இன்று அவர் நன்றாகத்தானே ஆடுகிறார், பிறகென்ன என்பது நம் நிலைப்பாட்டுக்கு வரும் வலுவான மறுப்பு. உண்மைதான். பார்சலோனாவின் பயிற்சியாளராக ஹான்ஸி ஃபிளிக் வந்தபின் உடற்தகுதிக் குழு மாற்றப்பட்டது. 2024-25 சீசனில் பெட்ரி ஏறத்தாழ எல்லா ஆட்டங்களிலும் இறங்கி, லா லிகா, கோப்பா டெல் ரே இரண்டையும் வென்ற அணியின் மூளையாக இருந்தார். ஆனால் இடையில் போனது என்ன? 2022 ஏப்ரல், 2023 பிப்ரவரி, அதே ஆண்டு ஆகஸ்ட், 2024 மார்ச் என்று தொடைத்தசை அவரைத் திரும்பத் திரும்பப் படுக்கவைத்தது. 19 முதல் 21 வரையிலான வயது ஓர் ஆட்டக்காரர் தன் ஆட்டத்தைக் கண்டுகொள்ளும் காலம். அது பாதி சிகிச்சை அறையிலேயே கழிந்தது. 2025 அக்டோபரில் ரியால் மாட்ரிட்டுடனான ஆட்டத்துக்குப் பின் மறுபடியும் தொடை. மீண்டு வந்தவரைக் காட்டி விதியே வேண்டாம் என்பது, நீந்திக் கரையேறியவரைக் காட்டிப் படகில் ஓட்டையே இல்லை என்று வாதிடுவதாகும்.

மீளாதவரும் உண்டு. 2011 பிப்ரவரியில் ஆர்சனலுக்காக ஆடி, பார்சலோனாவின் ஷாவி, இனியெஸ்டா இருவரையும் ஒரு மாலை முழுக்கத் திணறடித்தார் 19 வயது ஜாக் வில்ஷர். அந்த சீசனில் ஆர்சனலுக்கு மட்டும் 49 ஆட்டங்கள். அடுத்த சீசன் தொடங்கும் முன்பே கணுக்கால் எலும்பு பழுதாகி, 2011-12 முழுவதும் ஓர் ஆட்டம்கூட ஆடவில்லை. 2022-இல், 30 வயதில் ஓய்வை அறிவித்தார். ஆட்டச் சுமைதான் அவரை வீழ்த்தியது என்று சாட்சி வைத்து நிரூபிக்க எவராலும் முடியாது. காயம் பல காரணங்களால் வருவது. ஆனால் அபாயம் கூடுகிறது என்று தெரிந்த பிறகும் நிரூபணத்துக்காகக் காத்திருப்பது நிர்வாகமல்ல, சூதாட்டம்.

சூதாட்டத் தொகையும் ஏறிக்கொண்டே போகிறது. சாம்பியன்ஸ் லீக்கின் முதல் கட்டத்தில் ஓர் அணிக்கு ஆறு ஆட்டங்கள் இருந்தன. 2024 முதல் எட்டு. கிளப் உலகக் கோப்பையை 32 அணிகளாக்கி, ஓய்வுக்கென்று மிஞ்சியிருந்த 2025 கோடையில் ஒரு மாதத்தை அதற்கு ஒதுக்கினார்கள். உலகக் கோப்பையில் 64 ஆட்டங்கள் 104 ஆகிவிட்டன. ஜூட் பெல்லிங்ஹாம் 21 வயதுக்குள் 18,000 நிமிடங்களுக்கு மேல் ஆடிவிட்டார் என்று வீரர்கள் சங்கக் கூட்டமைப்பான ஃபிஃப்ப்ரோ கணக்கிட்டது. அதே வயதில் டேவிட் பெக்காம் 4,000 நிமிடங்களைக்கூட எட்டவில்லை. ஒரே நாட்டு நடுக்கள ஆட்டக்காரர்கள், ஒரு தலைமுறை இடைவெளி. இந்த ஆட்டங்களுக்கெல்லாம் பார்வையாளர்கள் ஐரோப்பாவில் மட்டும் இல்லை. ராத்திரி ஒன்றரை மணிக்கு அலாரம் வைத்து எழுந்து லா லிகா பார்க்கும் சென்னைப் பையனின் கண்களும் ஒளிபரப்பு ஏலத்தில் விலையாகின்றன. நாம் கேட்டதால்தான் கொடுக்கிறார்கள் என்று நாளை அவர்கள் சொன்னால், முழுப் பொய் என்று மறுத்துவிட முடியாது.

கோடிகளில் சம்பளம் வாங்குகிறார்களே, ஆடினால் என்ன என்ற கேள்வியை அதிகம் மதிக்கத் தேவையில்லை. சம்பளம் உழைப்புக்கான கூலி, உடம்புக்கான கிரயப் பத்திரம் அல்ல. ஸ்பெயினில் தொழில்முறை வீரர்களுக்கு ஆண்டுக்கு 30 நாள் விடுமுறை என்று 1985-ஆம் ஆண்டு அரசாணையே சொல்கிறது. காகிதத்தில் இருக்கிறது.

விதி இல்லாத இடத்தில் காப்பீடு இருக்கிறது என்பதுதான் வேடிக்கை. நாட்டுக்காக ஆடும்போது ஆட்டக்காரர் காயமடைந்தால், அவர் சம்பளத்துக்கு ஈடாகக் கிளப்புக்கு ஆண்டுக்கு 75 லட்சம் யூரோ வரை தர ஃபிஃபா ஒரு திட்டம் வைத்திருக்கிறது. 2023 நவம்பரில் ஜார்ஜியாவுக்கு எதிராக ஸ்பெயினுக்கு ஆடிய, பார்சலோனாவின் 19 வயது காவியின் முழங்கால் தசைநார் கிழிந்தது. திரும்பி வர ஏறத்தாழ 11 மாதம் ஆயிற்று. ஸ்பெயின் யூரோ கோப்பைக்கு ஏற்கெனவே தகுதி பெற்றுவிட்ட பிறகு ஆடிய ஆட்டம் அது. கிளப்பின் நஷ்டத்தை எண்ணத் தெரிகிறது, எந்த நாளுக்கு எத்தனை யூரோ என்றுகூடக் கணக்கிருக்கிறது. ஆட்டக்காரரின் ஆட்டங்களை எண்ணத்தான் ஏடு இல்லை.

எண்ண முடியாது என்பதையும் ஏற்கமுடியாது. எந்த ஆட்டக்காரர் எந்தத் தொடரில் எத்தனை மஞ்சள் அட்டை வாங்கினார் என்று இந்த அமைப்புகள் பிசகாமல் கணக்கு வைக்கின்றன. தடையில் இருப்பவரைத் தெரியாமல் களமிறக்கினாலும் அந்த ஆட்டம் தோல்வியாக அறிவிக்கப்படும். அதே ஏட்டில் இன்னொரு பத்தி சேர்ப்பது பெரிய வேலையா? கிரிக்கெட்டில் இங்கிலாந்து வாரியம் இளம் வேகப்பந்து வீச்சாளர் ஒரு நாளில் எத்தனை ஓவர் வீசலாம் என்று வயதுவாரியாக வரம்பு வைத்திருக்கிறது. அமெரிக்காவில் சிறுவர் பேஸ்பாலில் பந்துகளையே எண்ணி, எண்ணிக்கைக்கேற்ப ஓய்வு நாள் கொடுக்கிறார்கள். 2025-இல் இங்கிலாந்து போன பும்ரா ஐந்து டெஸ்டில் மூன்றில்தான் ஆடுவார் என்று முன்பே முடிவானபோது நம்மூரில் எவ்வளவு முணுமுணுப்பு! ஆனாலும் அது சரியான முடிவு.

வயது வந்த இளைஞனின் விருப்பத்தில் தலையிட விதிக்கு என்ன உரிமை என்று கேட்டால், அந்த எல்லையை ஃபிஃபா என்றோ தாண்டிவிட்டது. 18 வயது நிறையாதவர்களை வெளிநாட்டுக் கிளப்புகள் வாங்குவதற்குத் தடை இருக்கிறது, சில விலக்குகளோடு. பையன் விரும்பினாலும், பெற்றோர் கையெழுத்துப் போட்டாலும் அந்தத் தடை பொருந்தும். அதை மீறியதற்காக 2014-இல் இதே பார்சலோனாவுக்கு இரண்டு பதிவுக் காலங்களில் புது ஆட்டக்காரர்களைப் பதிவு செய்யத் தடை விதித்தார்கள். பற்கள் இருக்கின்றன, எங்கே கடிப்பது என்பதில்தான் தயக்கம். அதிக ஆட்டங்களால் அதிகம் சம்பாதிக்கும் அமைப்பே அட்டவணையையும் போடுகிறது என்பதை நினைவில் வைத்தால் தயக்கத்தின் காரணம் புரியும்.

உச்சவரம்பு எத்தனை என்பதில் வாதிடலாம். 21 வயது நிறையும் வரை சீசனுக்கு 50 ஆட்டம், அல்லது 4,000 நிமிடம், எது முதலில் வருகிறதோ அது என்பது நம் கருத்து. நிமிடம் முக்கியம், கடைசி ஐந்து நிமிடத்துக்கு இறங்கியவரையும் 120 நிமிடம் ஓடியவரையும் ஒரே தட்டில் வைக்கக்கூடாது. கூடவே ஒரு கோடைக்கு ஒரே ஒரு தொடர், அது முடிந்தபின் இடைவிடாத நான்கு வார ஓய்வு. தடையில் இருப்பவரைக் களமிறக்கினால் என்ன நடக்கிறதோ, வரம்பு மீறினாலும் அதுவே நடக்கவேண்டும்: ஆட்டம் தோல்வி, புள்ளி எதிரணிக்கு. சிறிய கிளப்புகள் பாதிக்கப்படுமா? ஆண்டுக்கு 50 ஆட்டத்தைத் தாண்டும் இளைஞர் சிறிய கிளப்புகளில் இருப்பது அபூர்வம். இந்த வரம்பு உறுத்தப்போவது ஐரோப்பாவின் பணக்கார அணிகளை. பெஞ்சில் இருபது பேரை உட்காரவைக்க வசதியுள்ள அணிகளை.

2025 ஜூலையில் நியூயார்க்கில் கூடிய ஃபிஃபா, இரு ஆட்டங்களுக்கு இடையே 72 மணி நேரமும் சீசன் முடிவில் 21 நாளும் ஓய்வு வேண்டும் என்று கருத்தொற்றுமை ஏற்பட்டதாக அறிவித்தது. அந்தக் கூட்டத்தில் ஃபிஃப்ப்ரோவுக்கு நாற்காலி போடப்படவில்லை. இரண்டே மாதத்தில், வலி நிவாரணி கொடுத்துத் தன் கிளப்பின் 18 வயது லமீன் யமாலை ஸ்பெயின் ஆடவைத்தது என்று ஃபிளிக் பகிரங்கமாகக் குற்றம் சாட்டினார். பதில் சொல்லவேண்டிய இடத்தில் இருந்த தேசியப் பயிற்சியாளர், 2021-இல் பெட்ரியை ஒலிம்பிக்குக்கு அழைத்துச் சென்ற அதே டி லா ஃபுவென்டே. ஃபிஃபா விதி செய்யும்வரை ஸ்பெயின் கால்பந்துச் சம்மேளனமும் லா லிகாவும் காத்திருக்கத் தேவையில்லை. இருவரும் உட்கார்ந்து, 21 வயதுக்கு உட்பட்டவர்களுக்கான வரம்பைத் தங்களுக்குள் ஒப்பந்தமாக்கி, அடுத்த சீசனின் முதல் ஆட்டத்துக்கு முன் கையெழுத்திடலாம். இடவேண்டும்.