சுளுக்குன்னு எழுதிட்டா வேலை முடிஞ்சதா?

கொஞ்சம் நீளமான த்ரெட். பொறுமையா படிங்க.

விரல் வலி, மணிக்கட்டு வலின்னு ஜி.எச்.க்கு வர்றவங்க சீட்டுல என்ன டயக்னோசிஸ் எழுதுறோம், அதுக்கு என்ன கோட் போடுறோம்ங்கிறது பத்தி. கேக்க கிளார்க் வேலை மாதிரி இருக்கும். ஆனா அந்த ஒரு வரியிலதான் ஒரு பெரிய கூட்டத்தோட உழைப்பு கணக்குல இருந்து காணாமப் போகுது.

கோட்னா என்னன்னு முதல்ல சொல்லிடறேன். எல்லா நோய்க்கும் எல்லா காயத்துக்கும் உலக சுகாதார நிறுவனம் ஒரு எண் வெச்சிருக்கு. ஐசிடி-ன்னு பேர். நாம அதிகமா பயன்படுத்துறது பத்தாவது பதிப்பு, 1990-ல ஏத்துக்கிட்டது. பதினொன்னாவது 2022 ஜனவரி 1-லயே நடைமுறைக்கு வந்தாச்சு, ஆஸ்பத்திரிகளுக்குத்தான் இன்னும் மெதுவா வந்துட்டு இருக்கு. எம் 65.4-னு எழுதினா தென்காசியிலயும் ஜெனீவாவுலயும் அது ஒரே வியாதி. எத்தனை பேருக்கு என்ன வியாதின்னு எண்றது இதை வெச்சுத்தான். எண்ணிக்கைக்குள்ள வராத வியாதிக்கு யாரும் பணம் ஒதுக்க மாட்டாங்க, சட்டமும் போட மாட்டாங்க.

இப்ப கைக்கு வருவோம்.

தமிழ்ல நமக்கு ஒரே சொல்தான், சுளுக்கு. மருத்துவத்துல அது ரெண்டு. எலும்பை எலும்போட கட்டி வெச்சிருக்கிற தசைநார் இழுபட்டா ஸ்ப்ரெய்ன். தசையோ, தசையை எலும்போட சேர்க்கிற தசைநாணோ இழுபட்டா ஸ்ட்ரெய்ன். கபடி ஆடும்போது விரல் மடங்கி வீங்கிடுச்சுன்னா எஸ் 63.6. மணிக்கட்டு, கைப்பகுதியில தசைநாண் அடிபட்டிருந்தா எஸ் 66. இந்த எஸ் வரிசை முழுக்க 'காயம்'. அதாவது ஏதோ ஒரு நாள், ஏதோ ஒரு நேரத்துல, ஏதோ ஒண்ணு நடந்துச்சுன்னு அர்த்தம்.

எதுவுமே நடக்காம வர்ற வலி ஒண்ணு இருக்கு. விழல, அடிபடல, பளு தூக்கல. ஒரே அசைவை நாளுக்கு ஆயிரக்கணக்கான தடவை, வருஷக்கணக்கா செஞ்சுட்டே இருந்தா தசைநாணும் அதைச் சுத்தி இருக்கிற உறையும் தடிச்சுப் போகும். கட்டைவிரல் அடியில, மணிக்கட்டு ஓரத்துல அது வந்தா டி குவெர்வெய்ன். 1895-ல அதை விவரிச்ச ஸ்விஸ் சர்ஜன் பேரு அது. கோட் எம் 65.4. மடக்கின விரல் நிமிராம மாட்டிக்கிட்டு, இழுத்தா 'டக்'குனு விடுபட்டா ட்ரிக்கர் விரல், எம் 65.3. ராத்திரி கை மரத்துப் போய் எழுந்து உதறினாத்தான் சரியாகுதுன்னா மணிக்கட்டுல நரம்பு நசுங்குற கார்பல் டனல், ஜி 56.0. அதிகமா உபயோகிக்கிறதால வர்ற கோளாறுகளுக்குன்னே எம் 70-னு ஒரு தனிப் பிரிவே வெச்சிருக்காங்க.

இவ்வளவு நுணுக்கமா பிரிச்சு வெச்சிருக்கிற புத்தகத்தை கையில வெச்சுக்கிட்டு நம்ம ஓ.பி. சீட்டுல எழுதுறது என்ன? 'கை வலி'. ரெண்டு டைக்ளோஃபெனக், ஒரு பி-காம்ப்ளக்ஸ். அடுத்த ஆள்.

கோட் போட்டே ஆகணும்னா 'கை கால் வலி'ங்கிற எம் 79.6. இல்லன்னா சுளுக்குன்னு ஒரு எஸ். ரெண்டும் தப்பு. முதலாவது நோயோட பேரே இல்லை, நோயாளி சொன்னதை திருப்பி எழுதுறது. ரெண்டாவது இன்னும் மோசம். இருபது வருஷ வேலையை ஒரு நாள் விபத்தா மாத்திடுது. அதுக்கப்புறம் "எப்படிம்மா அடிபட்டுச்சு?"ன்னு கேட்டா அந்த அம்மா என்ன சொல்லும்? "தெரியல டாக்டர், தானா வந்துச்சு." முடிஞ்சது கதை.

தானா வந்துச்சா?

தென்காசி, திருநெல்வேலிப் பக்கம் பீடி சுத்துறவங்க கையை ஒரு அஞ்சு நிமிஷம் பாத்திருக்கீங்களா? நனைச்ச இலையை அளவா வெட்டணும். தூள் வெச்சு உருட்டணும். நூல் சுத்திக் கட்டணும். முனையை மடிச்சு அடைக்கணும். ஒரு பீடிக்குக் குறைஞ்சது நாலு வேலை, நாலும் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் அழுத்திப் பிடிச்சு செய்யுற வேலை. கூலி ஆயிரம் பீடிக்கு இவ்வளவுன்னு கணக்கு. ஆயிரம் சுத்தினா நாலாயிரம் அழுத்தம். வாரம் ஆறு நாள்னா இருபத்தி நாலாயிரம். பதினாறு வயசுல தட்டை மடியில வெச்ச பொண்ணு நாப்பது வயசுல கட்டைவிரலைத் தூக்க முடியலன்னு வந்தா, அது தானா வந்ததா?

இன்னொரு கூத்து கேளுங்க. சீட்டுல 'தொழில்'னு ஒரு இடம் இருந்தா அதுல என்ன எழுதியிருக்கும்? 'ஹவுஸ்வைஃப்'. ஏன்னா "என்ன வேலை பாக்குறீங்க?"ன்னு கேட்டா "வேலைக்கெல்லாம் போகல, வீட்லதான் இருக்கேன்"னு சொல்வாங்க. வேலை செய்யுற இடமே வீட்டுத் திண்ணைதானே. வீட்ல உக்காந்து பீடி சுத்துறவங்களும் தொழிலாளிதான்னு, 2025 வரைக்கும் நடைமுறையில இருந்த 1966 பீடி சுருட்டுத் தொழிலாளர் சட்டமே தெளிவா சொல்லியிருந்துச்சு. பார்லிமென்ட் ஒத்துக்கிட்டதை ஓ.பி. சீட்டு ஒத்துக்கல.

பீடி மட்டும் இல்லை. திருப்பூர்ல நாள் முழுக்க பிசிறு நூல் வெட்டுற கை, தையல் மிஷின்ல துணியைத் தள்ளுற கை, வால்பாறையில கொழுந்து கிள்ளுற விரல், ஹோட்டல்ல மாவு பிசையுறவங்க, பால் கறக்குறவங்க, கம்ப்யூட்டர்ல டேட்டா என்ட்ரி பண்றவங்க. ஐ.டி. பசங்களுக்கு வந்தா மட்டும் அதுக்கு எர்கோனாமிக்ஸ்னு அழகான பேரு, மேஜை மாறும், மவுஸ் மாறும். இவங்களுக்கு வந்தா 'வாயுப் பிடிப்பு'.

இது ஏதோ புதுசா கண்டுபிடிச்ச வியாதியும் இல்லை. கணக்கு எழுதுறவங்களுக்குக் கை ஓஞ்சு போறதை இத்தாலி டாக்டர் ரமாசினி முன்னூறு வருஷத்துக்கு முன்னாடியே எழுதி வெச்சுட்டார். தந்தி அடிக்கிறவங்களுக்கு வர்ற கைப் பிடிப்பை 1908-லயே பிரிட்டன் இழப்பீட்டுப் பட்டியல்ல சேர்த்துடுச்சு. தசைநாண் வீக்கமும் கார்பல் டனலும் இன்னிக்கும் அவங்க பட்டியல்ல இருக்கு. சர்வதேச தொழிலாளர் அமைப்போட 2010 பட்டியல்ல டி குவெர்வெய்ன், கை மணிக்கட்டோட நாள்பட்ட தசைநாண் உறை வீக்கம், கார்பல் டனல் மூணும் தொழில்சார் நோய்னு பேர் போட்டே இருக்கு.

நம்ம ஊர்ல? 2025 வரைக்கும் நடைமுறையில இருந்த 1923 இழப்பீட்டுச் சட்டத்தோட அட்டவணையைப் பாருங்க. கட்டைவிரல் முழுசா போனா 30 சதவீதம் சம்பாதிக்கும் திறன் இழப்பு. ஆள்காட்டி விரல் 14. நடுவிரல் 12. மோதிர விரலோ சுண்டு விரலோ போனா 7. துண்டாப் போன விரலுக்கு தசை, எலும்பு, கணு வரைக்கும் விலை எழுதி வெச்சிருக்காங்க. அப்படியே தொழில்சார் நோய்ப் பட்டியலுக்கு வாங்க. ஈயம் இருக்கு, பாதரசம் இருக்கு, பென்சீன் இருக்கு, இரைச்சலால காது போறது இருக்கு. திரும்பத் திரும்ப செஞ்சு தேஞ்சுபோன தசைநாண் இல்லை. அதே மாதிரி 2025 வரைக்கும் இருந்த 1948 தொழிற்சாலைச் சட்டத்துல அரசுக்குத் தெரிவிக்க வேண்டிய நோய்கள்னு 29 இருந்துச்சு. அதுலயும் இல்லை.

விரல் மிஷின்ல போனா சட்டத்துக்குத் தெரியும். கையிலயே இருந்துக்கிட்டு வேலைக்கு ஆகாமப் போனா தெரியாது.

"ஏன் பட்டியல்ல சேர்க்கல?"ன்னு கேட்டா வர்ற பதில், "அவ்வளவு பேருக்கு இருக்குன்னு டேட்டா இல்லையே." டேட்டா எங்க இருந்து வரும்? நாம எழுதுற சீட்டுல இருந்து. நாம என்ன எழுதுறோம்? கை வலி.

இப்ப டாக்டர் நண்பர்கள் சண்டைக்கு வருவாங்க. வாங்க.

"ஒரு காலை ஓ.பி.யில நூத்தம்பது பேர் பாக்குறோம், இதுக்கெல்லாம் எங்க நேரம்?" நேரம் இல்லைங்கிறது உண்மை. ஆனா கட்டைவிரலை உள்ள வெச்சு முஷ்டி மடக்கச் சொல்லி, மணிக்கட்டை சுண்டுவிரல் பக்கமா சாய்ச்சா டி குவெர்வெய்ன் இருக்கிறவங்க துள்ளிடுவாங்க. பத்து செகண்ட். "கையால என்ன வேலை செய்றீங்க, எத்தனை வருஷமா?" அதுக்கு இன்னொரு பத்து செகண்ட். ஸ்கேன் வேணாம், எக்ஸ்ரே வேணாம்.

"சுகர் இருந்தாலும் ட்ரிக்கர் விரல் வரும், தைராய்டுலயும் கர்ப்பத்துலயும் கார்பல் டனல் வரும், கைக்குழந்தையைத் தூக்குற அம்மாவுக்கும் டி குவெர்வெய்ன் வரும். எல்லாத்தையும் வேலை தலையில கட்ட முடியுமா?" நியாயமான கேள்வி, இதை நான் ஒதுக்க மாட்டேன். எல்லாருக்கும் வேலையாலதான் வந்துச்சுன்னு எழுதச் சொல்லல. கேட்டுட்டு எழுதுங்கன்னுதான் சொல்றேன். சுகர் இருக்கிறவங்க பீடியும் சுத்துவாங்க. சுகரை மட்டும் எழுதிட்டு இருபது வருஷ வேலையை விட்டுட்டா அது எந்த ஊர் விஞ்ஞானம்? சிகரெட் பிடிக்கிறவருக்கு மாரடைப்பு வந்தா, அப்பாவுக்கும் இருந்துச்சுங்கிறதுக்காக சிகரெட்டை எழுதாம விடுறோமா?

"எந்த கோட் போட்டாலும் ட்ரீட்மென்ட் ஒண்ணுதானே?" இல்லை. இங்கதான் எனக்கு உண்மையிலேயே கோவம் வரும். சாதாரண சுளுக்கு பெரும்பாலும் சில வாரத்துல ஆறும். இது அப்படி ஆறாது, ஏன்னா காரணம் மறுநாள் காலையில திரும்பவும் மடியில வந்து உக்காரும். சுளுக்குன்னு நெனச்சு மாத்திரை குடுத்தா வலி அடங்கும், அந்த தெம்புல இன்னும் வேகமா சுத்துவாங்க, திரும்ப வலி, திரும்ப மாத்திரை. அப்புறம் மெடிக்கல் ஷாப்ல நேரா கேட்டு வாங்குற பழக்கம். வருஷக்கணக்கா வலி மாத்திரை போட்டா வயித்துல புண்ணு, கிட்னி பாதிப்பு. கை வலிக்கு வந்தவங்களை கிட்னி வார்டுக்கு அனுப்புற வழி இது. சரியான பேர் வெச்சா கட்டைவிரலை அசையாம வைக்கிற ஸ்ப்ளின்ட், தேவைப்பட்டா உறைக்குள்ள ஒரு ஸ்டீராய்டு ஊசி, அப்பவும் சரியாகலன்னா உறையைத் திறந்து விடுற சின்ன ஆபரேஷன்னு நேரா போகலாம்.

"ரெஸ்ட் எடுங்கம்மா"ன்னு சொல்றது எனக்கும் தெரியும். ஆயிரத்துக்கு இவ்வளவுன்னு கூலி வாங்குறவங்களுக்கு ரெஸ்ட்னா அன்னிக்கு கூலி இல்லை. மெடிக்கல் லீவ் சர்டிஃபிகேட் எழுதிக் குடுத்தா யார்கிட்ட போய் நீட்டுவாங்க?

கோட் புத்தகத்துல இடம் இல்லைன்னு மட்டும் யாரும் சொல்லாதீங்க. அமெரிக்காவுல பயன்படுத்துற ஐசிடி-யில கோழி கொத்தினதுக்குத் தனி கோட் இருக்கு. நிஜமாத்தான். கம்பளி பின்னும்போது வந்ததுக்கு ஒண்ணு, தைக்கும்போது வந்ததுக்கு ஒண்ணு, கீபோர்டு தட்டும்போது வந்ததுக்கு ஒண்ணு. எந்தக் கை, எந்த விரல், முதல் தடவை வர்றாங்களா மறுபடி வர்றாங்களான்னு எல்லாத்துக்கும் இலக்கம். அங்க இவ்வளவு கவனம் அன்பால வந்ததில்லை, இன்ஷூரன்ஸ்காரன் கோட் பாத்துத்தான் பணம் குடுப்பான். நம்ம பத்தாவது பதிப்புலயும் 'வேலை சார்ந்த நிலை'ன்னு ஒய் 96 இருக்கு. எம் 65.4 பக்கத்துல ஒய் 96 சேர்த்து எழுதினா போதும், அந்தக் கை கணக்குக்குள்ள வந்துடும்.

அரசாங்கத்துகிட்ட கேக்கிறது பெருசா ஒண்ணும் இல்லை. ஓ.பி. பதிவுல வயசு, ஊர், போன் நம்பர் எல்லாம் கேக்கிறோம். அங்கயே 'என்ன வேலை, எத்தனை வருஷம்'னு ஒரு கட்டம், நிரப்பாம அடுத்த பக்கம் போக முடியாத மாதிரி. அதுல 'ஹவுஸ்வைஃப்'னு போட்டா "வீட்ல ஏதாவது கூலி வேலை செய்றீங்களா?"ன்னு அடுத்த கேள்வி வரணும். ஒய் 96-க்கு ஒரு டிக். பீடியும் பனியனும் ஓடுற மாவட்டங்கள்ல ஒரே ஒரு வருஷம் இதைச் செஞ்சு பாருங்க. அந்த எண்ணிக்கையை வெளியிடுங்க. அப்புறம் தொழில்சார் நோய்ப் பட்டியல்ல சேர்க்கணுமா வேணாமான்னு பேசலாம். எண்ணிக்கை வந்தா யாருக்கு சங்கடம்னு எனக்கும் தெரியும், உங்களுக்கும் தெரியும்.

இதைப் படிக்கிறவங்க வீட்ல யாருக்காவது இந்த வலி இருந்தா, ஆஸ்பத்திரிக்குப் போகும்போது 'கை வலிக்குது'ன்னு மட்டும் சொல்லாதீங்க. எந்தக் கை, எந்த விரல், எந்த அசைவுல வலிக்குது, ராத்திரி மரத்துப் போகுதா, விரல் மாட்டுதா. முக்கியமா கையால என்ன வேலை, எத்தனை வருஷமா, ஒரு நாளைக்கு எவ்வளவு. டாக்டர் கேக்கலன்னாலும் நீங்களே சொல்லுங்க. சுகர், தைராய்டு இருந்தா அதையும் மறைக்காதீங்க. பீடித் தொழிலாளர் கார்டு இருந்தா எடுத்துட்டுப் போய் காட்டுங்க. "சீட்டுல வேலையையும் எழுதுங்க டாக்டர்"னு கேளுங்க, அது உங்க உரிமை, கோவிச்சுக்கிட்டா கோவிச்சுக்கட்டும். வீட்டுக்கு வந்ததும் அந்தச் சீட்டை மாத்திரைக் கவரோட தூக்கிப் போட்டுடாதீங்க. தேதி தெரியுற மாதிரி போட்டோ எடுத்து வெச்சுக்கோங்க.

டாக்டர்கள் யாராவது ஏற்கனவே ஒய் 96 எழுதிட்டு இருந்தீங்கன்னா கமென்ட்ல சொல்லுங்க, எந்த மாவட்டம்னு மட்டும். நோயாளி பேர், ஆஸ்பத்திரி பேர் வேணாம்.