முகப்புக்கு மட்டும் ஒரு சட்டம்

ரொறன்ரோவில் பார்லிமென்ட் தெருவின் ஒரு பக்கம் சென்ட் ஜேம்ஸ் டவுன். பழைய விக்டோரியன் வீடுகளை இடித்துவிட்டு 1960களில் எழுப்பிய அடுக்குமாடிகள். போருக்குத் தப்பி வந்த ஈழத்தமிழர் பலரைப் போல எங்களுக்கும் அதுதான் முதல் முகவரி. மறுபக்கம் கபேஜ்டவுன். இடிபடாமல் தப்பிய, பத்தொன்பதாம் நூற்றாண்டுச் சிவப்புச் செங்கல் வீடுகள். கூரிய முகப்பு, முன்தள்ளிய சன்னல், மரச் சித்திரவேலை. அம்மா அங்கே ஒரு வீட்டைத் துப்புரவு செய்யப் போவா. சனிக்கிழமைகளில் நானும் கூடப் போவேன்.

அந்தப் பகுதியை மரபுரிமை என்று அறிவித்துக் காக்கிறார்கள். எதைக் காக்கிறார்கள்? 1975ஆம் ஆண்டின் ஒன்ராறியோ மரபுரிமைச் சட்டத்தின் கீழ், தெருவிலிருந்து தெரியும் முகப்பை மாற்றுவதற்கு அனுமதி வேண்டும். உள்ளேயிருக்கும் அடுப்படியைப் பெயர்த்தெறிந்தால் மரபு கெட்டது என்று யாரும் வரமாட்டார்கள். கொத்தனின் கைவேலை வரலாறு. நிலக்கரி சுமந்து, சாம்பல் அள்ளி, துணி அவித்த பெண்ணின் வேலை வரலாற்றில் சேராது. இத்தனைக்கும் அக்காலக் கனடாவில் கூலிக்கு உழைத்த பெண்களில் மிகப் பெரிய கூட்டம் வீட்டுப் பணிப்பெண்கள்தான்.

ஊரின் பெயரையே பாருங்கள். ஏழை ஐரிஷ் குடியேறிகள் வீட்டு முற்றத்தில் கோவா நட்டார்கள் என்று ஏளனமாக வைத்த பெயர் அது. இன்று கோவாவைக் கொடியில் போட்டுப் பெருமையாகப் பறக்கவிடுகிறார்கள். அதை அவித்துப் பிள்ளைகளின் பசி தீர்த்தவளுக்கு என்ன மரியாதை?

"முகப்பையாவது காப்பாற்றுகிறார்களே" என்பீர்கள். காப்பாற்றட்டும்; இடித்த இடத்தில் வளர்ந்த எனக்கு இடிப்பதில் ஆசையில்லை. ஆனால் வீடு என்பது அதை நாள்தோறும் வீடாக வைத்திருக்கும் உழைப்பும்தான். அந்த உழைப்பை மறைப்பது பழங்கதையும் இல்லை. ஒன்ராறியோவின் தொழிலுறவுச் சட்டம், தனியார் வீட்டில் வேலை செய்யும் பணியாளரை இன்றும் விலக்கியே வைத்திருக்கிறது. சங்கம் அமைத்துப் பேரம் பேச அந்தச் சட்டம் தரும் உரிமை அவளுக்கு இல்லை. சன்னல் சட்டகத்துக்குப் பாதுகாப்பு உண்டு. அதைத் துடைப்பவளுக்கு இல்லை.

ஒருநாள் வீட்டுக்காரர் விருந்தாளிக்குப் படிக்கட்டின் கைப்பிடியைத் தடவிக் காட்டினார்: "நூறு வருடத்துக்கு மேல், இன்னும் இப்படி மின்னுகிறது!" அம்மா வாளியோடு பக்கத்தில்தான் நின்றா. வீடு திரும்பும்போது சொன்னா: "ஒரு மாதம் நான் போகாமல் இருந்தால் தெரியும், அது எப்படி மின்னுது எண்டு."